படகைப் பிளந்த வீட்டுக்கு ஒரு வணக்கம்

பேச்சுக்கோலை மடிமேல் கிடத்தி, இந்த அவைக்குத் தலைமை ஏற்றிருக்கும் ஊர்த்தலைவர் ஸெமிஸி அவர்களே! தென்னைநார் ஈயோட்டியைத் தோளில் சாய்த்துக்கொண்டு, நான் எந்தச் சொல்லில் தடுக்கி விழுவேன் என்று ஆவலோடு காத்திருக்கும் அவைப் பேச்சாளர்களே! இன்றைய ஜெபத்தை ஐந்தே நிமிடத்தில் முடித்து எங்கள் பசிக்கு இரங்கிய போதகர் ஐயா அவர்களே! பாய் முடைந்து முடைந்து விரல் தேய்ந்தும் வாய் தேயாத தாய்மார்களே! ஆக்லாந்திலிருந்து பெட்டி பெட்டியாகப் பிஸ்கட்டோடு வந்து இறங்கியிருக்கும் உறவுகளே! அடுப்புக் குழியில் கல்லைச் சுட்டுக்கொண்டே இந்தப் பக்கமும் ஒரு காதை வைத்திருக்கும் இளைஞர்களே!

நம் வைதோலு ஊரின் ஊற்றைக் காத்த வீடே! வேட்டைப் புறாவை ஊருக்குப் பகிர்ந்த வீடே! இரு கரையாரின் சண்டையை நடுவில் நின்று நிறுத்திய வீடே!

யார் அங்கே, "நாலாவது வீடு எங்கே" என்று கேட்பது? பொறுங்கள் ஐயா. மறக்கவில்லை. மறந்தால் என்ன ஆகும் என்று இந்த ஊரில் என்னைவிட நன்றாகத் தெரிந்தவர் யார்? அந்த வீட்டைக் கடைசியில் வணங்க அந்த வீட்டாரிடமே காலையில் அனுமதி வாங்கியிருக்கிறேன். "சொல்லு, எப்ப வேணா சொல்லு. சொல்லாம மட்டும் உக்காந்துடாத" என்றார்கள்.

பெரியோர்களே, நான் எதையும் எளிதில் நம்புகிறவள் அல்ல. தலைநகர் ஆப்பியாவில் பல்கலைக்கழக மாணவர்களுக்குப் பழங்கதை கற்பிக்கிறேன். கற்பிக்கிறேனே தவிர, எல்லாம் நடந்தது என்று சத்தியம் செய்ய மாட்டேன். நம் மேடைகளின் வணக்க வரிசை நீளம் என்று எனக்கு நெடுநாளாக ஒரு குறை உண்டு. பன்றி வெந்துவிடும், பச்சிலைப் பொட்டலத்தில் கீரை குழைந்துவிடும், வணக்கம் மட்டும் முடியாது!

சிரிக்கிறீர்கள். போன ஆண்டு இதே மாதம் யாரும் சிரிக்கவில்லை.

ஊர்மன்றம் திறந்த நாள். மாதர் சங்கத்தின் சார்பில் பேச என்னை அனுப்பினீர்கள். நான் பேச்சைத் தட்டச்சு செய்து, பென்சிலால் வெட்டிச் சுருக்கி எடுத்து வந்தேன். நாலாவது வீட்டுக்கு வந்தபோது என் பென்சில் நின்றது. மாதலாங்கி வீடு. கூரை விழுந்து பன்னிரண்டு ஆண்டு. கல்மேடைமேல் கொடி படர்ந்து கிடந்தது. ஆட்கள் எல்லாரும் நியூசிலாந்தில். ஓரத்தில் "வீடு இல்லை" என்று எழுதினேன், வரியை அடித்தேன். மூன்று வீட்டை வணங்கினேன், பேசினேன், கைதட்டினீர்கள், உட்கார்ந்தேன்.

மூன்றாவது தூணருகே, முந்தின நாள்தான் விமானத்தில் வந்து இறங்கிய ஒரு பெண் உட்கார்ந்திருந்தார். ஆக்லாந்து மருத்துவமனைச் சலவைக்கூடத்தில் முப்பத்தோரு ஆண்டு வேலை பார்த்து ஓய்வு பெற்ற மெரிபா அக்கா. மாதலாங்கி வீட்டின் மூத்த மகள். அவர் கத்தினாரா? அழுதாரா? என்னை ஏசினாரா? இல்லை. உணவு பங்கிட்டபோது தன் முன்னால் வைத்த கூடையை, மூடியைக்கூடத் திறக்காமல், இரண்டு கையாலும் திருப்பி நகர்த்தினார். அவ்வளவுதான்.

அன்று மாலை, அவர் தங்கியிருந்த வீட்டுக்கார லூசியா என்னைத் தேடி வந்தார். "என்ன காரியம் பண்ணிட்ட டீச்சர்? எங்க வீட்டுப் பேரைக் கூப்பிட்டா இங்கயே வந்து இருந்துடறேன், கூப்பிடலைன்னா நிலத்தை ஊருக்கே விட்டுட்டுப் போயிடறேன்னு சொல்லிட்டுத்தான் மெரிபா வந்துச்சு. நாளை மறுநாள் விமானம்."

தலைவரிடம் ஓடினேன். "ஒரு வரிதானே விட்டேன்?" என்றேன். அவர் மெல்லச் சொன்னார்: "ஒரு வரிதான். அந்த ஒரு வரியிலதான் டீச்சர், ஆக்லாந்துல முப்பது பேர் குடியிருக்காங்க."

அப்புறம் என்ன செய்ய வேண்டும் என்று யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை. சாமோவாவில் பிறந்தவளுக்கு அது தெரியும். மறுநாள் விடிந்தும் விடியாமலும், அந்த வீட்டின் கல்மேடைக்கு முன்னால் ஊரின் பிழைக்குப் பொறுப்பேற்ற தலைவரும் நானும் தலை குனிந்து உட்கார்ந்தோம். செஞ்சிறகு வைத்த குடும்பத்து நுண்பாயை எங்கள் தலைமேல் போர்த்தினார்கள். பாதிக்கப்பட்டவர் வந்து பாயை எடுத்தால் மன்னிப்பு. எடுக்காவிட்டால்? அந்தக் காலத்தில் கல் விழும்.

ஆறு மணி. ஏழு மணி. வெயில் ஏறியது. ஒரு நாய் வந்து என் முதுகில் சாய்ந்து படுத்தது. பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் நின்றார்கள்.

"உள்ள இருக்கறது யாருடா?"

"தலைவரும் டீச்சரும்."

"செத்துட்டாங்களா?"

"இல்லடா, கால் ஆடுது பாரு!"

பாய்க்குள்ளே தலைவர் முணுமுணுக்கிறார்: "மெரிபா டீ குடிச்சுட்டுத்தான் வரும்போல." நான் சொன்னேன்: "சும்மா இருங்க தலைவரே. மன்னிப்புக் கேக்க வந்தவங்க பேசக் கூடாது." "நான் ஒண்ணும் வரியை அடிக்கலையே!" என்றார். இல்லையென்று தலைவர் சொல்லட்டும் பார்க்கலாம்! இதோ, தலை குனிந்துகொள்கிறார்!

எட்டு மணிக்குச் செருப்புச் சத்தம் கேட்டது. எங்களை ஒரு சுற்றுச் சுற்றி வந்து நின்றது.

"டீச்சர், உள்ள இருக்கறது நீதானா?"

"ஆமாக்கா."

"காகிதத்துல என்ன எழுதின?"

"வீடு இல்லைன்னு எழுதினேன்க்கா."

"அப்ப இப்ப யார் வீட்டு வாசல்ல உக்காந்திருக்க?"

அவையோரே, என்னிடம் இரண்டு பட்டங்கள் உண்டு. இந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் உண்டா? இல்லாத வீட்டின் முன்னால் யாராவது மன்னிப்புக் கேட்பார்களா? இல்லாத வாசலில் யாராவது தலை குனிவார்களா? நான் உட்கார்ந்த இடமே என் பொய்க்கு எதிர்சாட்சி சொன்னது.

"அக்கா, டீச்சருக்குப் பதில் தெரியாது. எனக்கு முதுகு வலிக்குது. பாயை எடுங்க" என்றார் தலைவர். மேலே ஒரு சிரிப்பு கேட்டது. பாய் விலகியது. வெளிச்சம் வந்தது. என் வாழ்நாளில் அவ்வளவு வெளிச்சத்தை நான் பார்த்ததில்லை. அக்கா மறுநாள் விமானத்தில் போனார்; சாமான் எடுத்துவரத்தான் போனார்.

இன்று அந்தக் கல்மேடையில் புதுத் தூண்கள் நிற்கின்றன. அந்தக் கூரையின் நிழலில்தான் நாம் கூடியிருக்கிறோம்.

ஒரு பெரும்புயலில் ஊரின் எல்லாக் கூரையும் பறந்தபோது, இந்த வீட்டு மூதாதை தன் மீன்பிடிப் படகைப் பிளந்து, அந்தப் பலகையை மற்ற வீடுகளுக்குத் தந்தார் என்பது கதை. உண்மையில் நடந்ததா? எனக்குத் தெரியாது. ஆதாரம் தேடினேன், கிடைக்கவில்லை. இன்றும் எனக்கு ஐயம் உண்டு. ஆனால் மெரிபா அக்காவின் மகனை இந்தத் தூண்களை நட்ட அன்று பார்த்தேன். ஆக்லாந்தில் பிறந்தவன். நம் மொழி அவன் நாவில் தட்டும், தடுக்கும், தயங்கும். தூணைத் தோளில் ஏற்றியபோது, தன் வீட்டின் வணக்க வரியை உரக்கச் சொன்னான். தட்டவில்லை! தடுக்கவில்லை! தயங்கவில்லை! கடல் கடந்து, ஒரு தலைமுறை கடந்து, சலவைக்கூடத்துப் புழுக்கம் கடந்து அந்த ஒரு வரி அவனிடம் வந்து சேர்ந்திருக்கிறது. ஒரு வரிக்குள் ஒரு வீடு. அந்த வீட்டுக்குள் ஒரு கதை. அந்தக் கதைக்குள் நம் மொழி. அதைத்தான் நான் நேரம் மிச்சப்படுத்த அடித்தேன்!

இனி என் பேச்சு நீளம் என்று எவரேனும் சொன்னால், சொல்லிக்கொள்ளட்டும். கீரை குழையட்டும்! பன்றி காத்திருக்கட்டும்!

வாய்ப்பளித்த மாதர் சங்கத்துக்கு நன்றி. தன் தலையையும் பாய்க்குள் கொடுத்த தலைவருக்கு நன்றி. அன்று கல்லெடுக்காத கைக்கு நன்றி. இனி என் கடன்.

படகைப் பிளந்து ஊருக்குக் கூரை தந்த மாதலாங்கி வீடே, உன்னை வணங்குகிறேன்!

என்ன அக்கா? பின்வரிசைக்குக் கேட்கவில்லையா? சரி. பின்வரிசைக்கும், கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கும் முப்பது பேருக்கும் கேட்கட்டும்.

படகைப் பிளந்து ஊருக்குக் கூரை தந்த மாதலாங்கி வீடே! வணக்கம்!