பிணம் மூச்சுவிடக் கூடாது

நான் உள்ளே வந்தபோது உங்கள் பேனா ஃபைலுக்கு இடப்பக்கம் இருந்தது, இப்போது வலப்பக்கம் இருக்கிறது. தப்பாக எடுத்துக்கொள்ளாதீர்கள் இன்ஸ்பெக்டர் சார், என் பிழைப்பே இதைப் பார்ப்பதுதான். டிவியில் வாரம் ஒரு கொலை நடக்கும் துப்பறியும் தொடருக்கு நான் கண்டினியூட்டி பார்க்கிறேன். ஒரு ஷாட்டில் பாதியாக இருந்த காபி அடுத்த ஷாட்டில் நிறைந்திருந்தால் வாங்கிக் கட்டிக்கொள்வது நான்தான்.

வாரம் ஒரு கொலை என்றால் வாரம் ஒரு பிணம் வேண்டும். எங்களிடம் நிரந்தரப் பிணமாக ஒருவர் இருந்தார். மீசையை மாற்றி, விக்கை மாற்றி, எபிசோடுதோறும் அவரே சாவார். செட்டில் எல்லோருக்கும் அவர் பாடி அண்ணன். என்னைவிட ஆறு வயது மூத்தவர், ஆனாலும் என்னை அக்கா என்பார். தங்கமான மனிதர், தொழில் சுத்தம்தான் கிடையாது. படுத்தால் இமை துடிக்கும்.

ஐந்தாவது எபிசோடு வந்த மறுநாள் எவனோ அந்த இமையை மட்டும் வெட்டி இணையத்தில் போட்டுவிட்டான். ஊரே சிரித்தது. டைரக்டர் அத்தனை பேர் முன்னால் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"பொணம் கண்ணடிக்குது. நீ என்னம்மா பார்த்துக்கிட்டிருந்தே? இன்னொரு தடவை இப்படி ஆச்சுன்னா வீட்டுக்குப் போயிடு."

பதினாறு வருஷ சர்வீஸ் சார். லைட் பாய் வரைக்கும் என்னைப் பார்த்துக் கண்ணடித்தான். மானம் போயிற்று.

பாடி அண்ணனிடம் பக்குவமாகச் சொல்லிப் பார்த்தேன். "என்னக்கா பண்றது, உயிரோட இருக்கேனே," என்றார். நியாயமான பதில். வீட்டுக்குப் போன பிறகும் அதையேதான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

ஆறாவது எபிசோடில் என் மாமியாரின் தூக்க மாத்திரை ஒன்றைப் பொடித்து பாடி அண்ணன் டீயில் கலந்தேன். இமை கப்சிப். ஆனால் எங்கள் மகா துப்பறிவாளர் கொலைகாரனின் பெயரைச் சொல்ல வாயைத் திறந்த நேரத்தில் பிணம் குறட்டை விட்டது. ஏழாவதில் அளவைக் கூட்டினேன். குறட்டை நின்றது, வயிறு மட்டும் ஏறி இறங்கியது. எந்த வேலையையும் இப்படிப் படிப்படியாகத்தான் திருத்த முடியும். எட்டாவதில் எண்ணவில்லை, பாட்டிலில் இருந்ததை எல்லாம் போட்டேன். கசக்கிறது என்றார். இன்னும் ஒரு ஸ்பூன் சர்க்கரை போட்டுக் கலக்கிக் கொடுத்தேன்.

அந்த ஷாட்டை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். கேமரா முகத்துக்கு ஒரு சாண் தூரத்தில் போய் நின்றது. அசைவே இல்லை. துப்பறிவாளர் மண்டியிட்டு மணிக்கட்டைப் பிடித்துப் பார்த்து, "செத்து ரெண்டு மணி நேரம் ஆச்சு," என்றார். எந்தக் கொலையையும் நாற்பது நிமிஷத்தில் கண்டுபிடிக்கிறவர், பாவம், கையில் பிடித்திருந்தது என்னவென்று அவருக்குத் தெரியவில்லை. நிஜத்தில் பத்து நிமிஷம்கூட ஆகியிருக்காது. அது வசனம் எழுதினவர் பாடு. ஒரே டேக்கில் ஓகே.

"இன்னிக்குத்தான்யா ஒழுங்கா செத்திருக்கே, எந்திரி," என்றார் டைரக்டர்.

எழுந்திருக்கவில்லை. மாரடைப்பு என்று டாக்டர் எழுதிக்கொடுத்தார். அவர் மனைவி என் தோளில் சாய்ந்து அழுதபோது நானும் அழுதேன், அது நடிப்பில்லை. நீங்களும் வந்தீர்கள், துப்பறிவாளரோடு செல்ஃபி எடுத்துக்கொண்டு போனீர்கள். நானாக வந்து சொல்லாவிட்டால் இந்த ஜென்மத்தில் உங்களுக்குத் தெரிந்திருக்காது.

பின்னே எதற்கு வந்தாய் என்கிறீர்கள். போனவருக்கு மரியாதை என்று சொல்லி அந்தக் காட்சியை அழிக்கப்போகிறார்கள் சார். பிளாஸ்டிக் பொம்மையைப் படுக்கவைத்து மறுபடி எடுக்கிறார்களாம். கொலைக் கேஸ் என்று ஆகிவிட்டால் அழிக்க முடியாதில்லையா, சாட்சியாக வைத்துத்தானே ஆக வேண்டும்.

கொன்றது நான்தான். எங்கே கையெழுத்துப் போட வேண்டுமோ காட்டுங்கள், போடுகிறேன். ஆனால் கோர்ட்டில் அந்த ஷாட்டைப் பெரிய திரையில் போடச் சொல்லுங்கள். அதில் ஒரே ஒரு தப்பை யாராவது காட்டட்டும், பார்க்கலாம்.