நாற்பது விநாடி

இந்த நாற்காலி பரவாயில்லை, ஐயா. எடிட்டிங் அறையில் உட்கார்ந்து உட்கார்ந்து எனக்கு முதுகே போய்விட்டது.

படத்தைப் பார்த்துவிட்டீர்கள் அல்லவா? பதினோரு நிமிடக் குறும்படம். இயக்கியது என் தங்கை, எடிட் செய்தது நான். கதை எங்கள் வீட்டுக் கதைதான். தம்பி நான்கு வயதில் இரும்பு அலமாரிக்குள் மூச்சுத் திணறி இறந்துபோனான். ஒளிந்து விளையாடப் போய் மாட்டிக்கொண்டான் என்று எல்லோரும் நம்பினார்கள். அப்போது ஆறு வயதான தங்கைக்கு மிஞ்சியது துண்டு துண்டான ஞாபகம்: அலமாரியின் பச்சைக் கதவு, கைப்பிடியைத் திருகும் ஒரு கை, அதில் ஒரு கைக்கடிகாரம்.

அந்தக் கடிகாரம் எனக்குப் பிடிக்கவில்லை. அந்த ஷாட்டைத் தூக்கிவிட்டு, வேறு எதற்கோ எடுத்திருந்த ஒரு சிறுமியின் கையை அங்கே வைத்தேன். முதல் தடவை தங்கை முகம் சுளித்தாள். ஆனால் ஒரே காட்சியை நூறு தடவை ஓட்டிப் பார்க்கிற தொழில் இது. மூன்றாம் வாரம், "அது என் கைதான்ணா," என்று அழுதாள்.

"சின்னப் புள்ளதானே நீ அப்ப, விடும்மா," என்று தலையைத் தடவிக் கொடுத்தேன். பாவமாகத்தான் இருந்தது. ஆனாலும் தெரியாமல் தவிப்பதற்கு ஏதோ ஒரு பதில் கிடைப்பது மேல் இல்லையா?

சத்தத்தில்தான் கோட்டை விட்டேன். கதவு மூடிய பிறகு அவள் வெறும் மௌனம் வைத்திருந்தாள். காட்சி உயிரில்லாமல் கிடந்தது. உள்ளிருந்து தட்டும் சத்தத்தை நான் சேர்த்தேன். முதலில் வேகமாக, பிறகு விட்டு விட்டு, பிறகு நகத்தால் சுரண்டுவது, நீண்ட இடைவெளி, கடைசியில் இரண்டே தட்டு. வேலையில் குறை வைத்து எனக்குப் பழக்கமில்லை.

அவள் ஹெட்ஃபோனைக் கழற்றி மேசைமேல் வைத்தாள்.

"கதவு மூடுனதுமே அம்மா என்னைக் குளிக்கக் கூட்டிட்டுப் போயிட்டாங்க. இந்தச் சத்தத்த யாருண்ணா கேட்டது?"

அந்தக் கேள்வியோடுதான் ஸ்டேஷனுக்கு, உங்களிடம் வந்திருக்கிறாள்.

அது என் கடிகாரம். வகுப்பில் முதலாவதாக வந்ததற்கு அப்பா வாங்கித் தந்தது. நான் வரைந்திருந்த படத்தில் தம்பி கிறுக்கிவிட்டான். கொஞ்ச நேரம் உள்ளே இருக்கட்டும் என்றுதான் மூடினேன். திறக்கலாம் என்று இரண்டு முறை எழுந்தேன். திறந்தால் அம்மாவிடம் சொல்லிவிடுவான். அலமாரியில் சாய்ந்தபடி வேறு தாளில் படத்தை முதலிலிருந்து வரைந்தேன். பிறகு எல்லோரும் தேடியபோது நானும் கூடத் தேடினேன்.

ஒன்றை மட்டும் சரியாக எழுதிக்கொள்ளுங்கள், ஐயா. படத்தில் அந்தச் சத்தம் நாற்பது விநாடி. உண்மையில் இருபத்தாறு நிமிடம். கடிகாரம்தான் கையில் இருந்ததே.