கம்பளிக்கும் உடம்புக்கும் நடுவே

1683-ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம், வில்ட்ஷயர் நீதிபதி முன்பாகச் சொல்லக் கேட்டு எழுதப்பட்டது.

என் பெயர் டோர்கஸ் பென்ஃபோல்ட். வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. விதவை. காலஞ்சென்ற வின்டர்கோட் பிரபுவின் மாளிகையில் வேலைக்காரர்களுக்கு மேலாளாக இருந்து அங்கேயே வசித்து வருகிறேன். பிரபுவின் உடலைக் கழுவிப் பெட்டியில் வைத்தவள் நான். இறந்தவர்களைக் கம்பளியில் மட்டுமே புதைக்க வேண்டும் என்ற சட்டப்படி, வேறு துணி எதுவும் வைக்கவில்லை என்று சத்தியம் செய்ய என்னை அனுப்பியிருக்கிறார்கள். அப்படிச் சத்தியம் செய்ய என்னால் முடியாது. உள்ளே மெல்லிய லினன் நார்த்துணி ஒன்று இருக்கிறது. அது வந்த விதத்தை முழுவதும் எழுதிக்கொள்ள வேண்டும். பாதியில் நிறுத்தினால் இறந்தவருக்குத்தான் கெட்ட பெயர்.

அயல்நாட்டில் அடைக்கலமாக இருந்த அரசர் நாடு திரும்பிய வருடம் பிரபுவும் பிரான்சிலிருந்து வந்தார். ஒட்டுப்போட்ட காலுறையும் ஓயாத சிரிப்புமாக வந்தவரை எனக்கு அன்றிலிருந்து தெரியும். பிறகு அவருக்கு நிலமும் பதவியும் திரும்பக் கிடைத்தன, பிரபுக்கள் சபையில் பேச்சுக்குப் பெயரெடுத்தார், ஃபிலிப்பா அம்மாவை மணந்தார், பல வருடம் காத்திருந்து லெட்டிஸ் பிறந்தாள். அதன் பிறகு எங்கள் பக்கத்துக் கம்பளி நெசவாளர்கள் வேலையில்லாமல் பட்டினி கிடந்தபோது, இந்தக் கம்பளிச் சட்டத்துக்காகச் சபையில் வரிந்துகட்டி நின்று பேசினார். சட்டம் நிறைவேறியதும் நெசவாளர்கள் அவர் வண்டியின் குதிரைகளை அவிழ்த்துவிட்டுத் தாங்களே இழுத்து வந்தார்கள்.

அந்தக் குளிர்காலத்தில் லெட்டிஸ் அம்மைநோயில் இறந்தாள். வயது ஆறு. அம்மா லினனில் ஒரு சின்னச் சட்டை தைத்து எடுத்து வந்தார்கள்.

"அபராதத்தைக் கட்டிட்டாப் போச்சு. பெரிய வீட்டுல எல்லாம் அதைத்தானே செய்யறாங்க?"

"சட்டம் போட்டவனே காசு குடுத்து மீறினா, நெசவுக்காரன் பொண்டாட்டி என் மூஞ்சியில துப்பமாட்டாளா ஃபிலிப்பா?"

"துப்பட்டும், தொடச்சுக்குங்க. உசுரோட இருந்தப்பவே கம்பளி பட்டா அழுவா. இப்ப உடம்பு பூரா புண்ணுங்க. உறுத்தும்."

குழந்தையைக் கம்பளியில்தான் புதைத்தோம். அம்மா அந்தச் சட்டையை எடுத்துக்கொண்டு தம் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டார்கள். அதன் பிறகு பிரபுவிடம் பேசவே இல்லை.

அதன் பிறகு லண்டனில் கட்சிச் சண்டையில் பிரபுவின் பதவி போயிற்று. வண்டி இழுத்த அதே ஆட்கள் எங்கள் ஜன்னலில் கல் எறிந்தார்கள். அதற்கெல்லாம் அவர் கலங்கவில்லை. ஆனால் குழந்தை போன நாளிலிருந்து அவர் உள்ளே லினன் சட்டை போடவில்லை. முரட்டுக் கம்பளியை வெறும் உடம்பில் போட்டுக்கொண்டார், கோடையிலும் கழற்றவில்லை. தோல் உரிந்து ரத்தம் கசிந்தது. நான் மருந்து தடவும்போது சண்டை போட்டேன்.

"உங்களுக்கென்ன பைத்தியமா எஜமான்? கழட்டுங்க அதை."

"அவ பொறுத்துக்கறா இல்ல, டோர்கஸ்?"

இதைக் கேட்ட பிறகு நான் சண்டை போடவில்லை. அம்மாவிடம் சொல்லக்கூடாது என்று என்னிடம் வாக்கு வாங்கிக்கொண்டார்.

சென்ற செவ்வாய்க்கிழமை காய்ச்சலில் அவர் இறந்தார். ஆள் அனுப்பியதும் அம்மா வந்தார்கள். நான் உடம்பைக் கழுவிக்கொண்டிருந்தேன். நெஞ்சும் தோளும் இருந்த கோலத்தைப் பார்த்து, "யார் இப்படி அடிச்சது?" என்று கேட்டார்கள். வாக்கு வாங்கியவர் போய்விட்டார் என்று நான் எல்லாவற்றையும் சொன்னேன். அம்மா தம் பையிலிருந்து லெட்டிஸின் சட்டையை எடுத்து அவர் நெஞ்சின்மேல் விரித்தார்கள். அதன்மேல் கம்பளியைப் போர்த்தச் சொன்னார்கள்.

பிரபுவின் தம்பி மகன் ஜார்வஸ், இப்போதைய பிரபு, இன்று காலை என்னிடம், "பைபிளைத் தொட்டுக் கம்பளின்னு சொல்லிட்டு வாயேன். தோண்டியா பாக்கப்போறாங்க? பொண்ணுக்குக் கம்பளி, தனக்கு லினனான்னு ஊரே சிரிக்கும்" என்றார். ஆனால் உடம்பைக் கழுவிய அறையில் வேறு இரண்டு பெண்களும் இருந்து அந்தச் சட்டையைப் பார்த்தார்கள். ஊர் வாயை மூட உலைமூடி கிடையாது. அதனால்தான் முழுவதும் சொல்கிறேன். பிரபு லினன் கேட்கவில்லை. கேட்கும் நிலையில் இருந்திருந்தால் வேண்டாம் என்றுதான் சொல்லியிருப்பார். அபராதத்தை அம்மா கட்டுவார்கள்.

பெட்டியை மூடும் முன் அம்மா அவரிடம் பேசினார்கள். ஐந்து வருடத்துக்குப் பிறகு பேசினார்கள். அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

"போதுங்க. இனிமே உறுத்தாது."

கண்ணால் கண்டதையும் காதால் கேட்டதையும் தவிர நான் எதையும் கூட்டவில்லை, குறைக்கவில்லை. படித்துக் காட்டக் கேட்டேன், சரியாக இருக்கிறது. எழுதத் தெரியாததால் கீறல் இடுகிறேன்.

X
டோர்கஸ் பென்ஃபோல்ட்