நான் அழுததை நம்பிய மூன்று நீதிபதிகள்

என் பெயர் வால்பூர்கா கிஸ்லிங், வயது 63, கணவர் காலமாகிவிட்டார், ரொட்டிக் கடையில் விற்பனையாளராக இருந்து ஓய்வு பெற்றவள், ஸ்டுட்கார்ட் நகரின் மேற்குப் பகுதியில் லின்டன் தெரு ஒன்பதாம் எண் கட்டடத்தின் இரண்டாம் மாடியில் வாடகைக்குக் குடியிருக்கிறேன். யாரும் கூப்பிடாமல் நானாகவே காவல் நிலையத்துக்கு வந்தேன். சொல்வது எனக்கே வினையாக முடியலாம், பேசாமல் இருக்க உரிமை உண்டு என்று இதை எழுதிக்கொள்ளும் இந்த அதிகாரி எடுத்துச் சொன்னார். பேச வேண்டிய இடத்தில் பேசாததால்தான் வந்திருக்கிறேன் என்று பதில் சொன்னேன்.

எனக்கு நேர் மேலே மூன்றாம் மாடியில் ஒட்டிலி பிரென்ஸ் என்ற அம்மையார் குடியிருந்தார். டிராம் ஓட்டுநராக இருந்து ஓய்வு பெற்றவர், என்னைவிட மூத்தவர், நான் வருவதற்கு வெகுகாலம் முன்பிருந்தே அங்கே இருந்தவர். எங்கள் கட்டடத்தில் மாடிப்படியைக் குடித்தனக்காரர்கள் வாரம் ஒருவராகக் கூட்டிக் கழுவ வேண்டும். சென்ற ஆண்டு மார்ச் மாதம் ஒரு சனிக்கிழமை என் முறை. படியைக் கழுவிவிட்டு உள்ளே போனேன். அதன் பிறகு வெளியே தண்ணீர்ச் சத்தம் கேட்டுக் கதவைத் திறந்தேன். நான் கழுவிய படியையே பிரென்ஸ் அம்மா மறுபடி கழுவிக்கொண்டிருந்தார். எங்கள் ஊரில் இப்படிச் செய்வதைவிட ஒருவரைக் கன்னத்தில் அறைந்துவிடலாம்.

"என்னம்மா இது, நான் கழுவினது உங்க கண்ணுக்குத் தெரியலையா?" என்று கேட்டேன்.

"தெரிஞ்சுது. அதான் கழுவுறேன்," என்றார்.

எனக்குக் கோபம் தலைக்கேறியது. அவருடைய வாளியை எட்டி உதைத்தேன். தண்ணீர் படியெல்லாம் ஓடியது, அந்தத் தண்ணீரிலேயே நான் வழுக்கி உருண்டு மணிக்கட்டை முறித்துக்கொண்டேன். பிரென்ஸ் அம்மா துடைப்பத்தைப் போட்டுவிட்டு ஓடி வந்து என் தலையைத் தன் மடியில் வைத்துக்கொண்டார். "தூங்கிடாதே வால்பூர்கா, கண்ணைத் தொற" என்று ஆம்புலன்ஸ் வரும்வரை சொல்லிக்கொண்டே இருந்தார். அத்தனை வருடத்தில் அவர் என்னைப் பெயர் சொல்லி அழைத்தது அன்றுதான்.

மறுநாள் கட்டடத்தின் சொந்தக்காரர் ஃபோல்க்மார் ரோயிஷ் பூங்கொத்தோடு மருத்துவமனைக்கு வந்தார். அவர் கட்டடத்தைப் புதிதாக வாங்கியவர். மூன்றாம் மாடியையும் மேல்தளத்தையும் சேர்த்துப் பெரிய வீடாக்க அவருக்கு ஆசை என்று எங்களுக்கெல்லாம் தெரியும். "அந்தம்மா தள்ளிவிட்டாங்களா?" என்று கேட்டார். நானே வாளியை உதைத்து நானே விழுந்தேன் என்று சொல்ல வெட்கமாக இருந்தது. ஆமாம் என்றேன். அவர் எனக்குச் சொல்லிக் கொடுக்கவுமில்லை, எதுவும் தரவுமில்லை.

அதன் பிறகு அவர், என்னைத் தள்ளிவிட்டதைக் காரணம் காட்டி, பிரென்ஸ் அம்மாவைக் காலி செய்யச் சொல்லி வழக்குப் போட்டார். கீழ் நீதிமன்றத்தில் நான் சாட்சி சொன்னேன். நீதிபதி என்னை நம்பாமல் வழக்கைத் தள்ளுபடி செய்தார். "நீங்க பேசினது மனப்பாடம் ஒப்பிச்ச மாதிரி இருந்துச்சாம்மா," என்று ரோயிஷ் ஃபோனில் சொன்னார். பொய் சொன்னவளுக்கு ரோஷம் ஒரு கேடா என்று கேட்கலாம். வந்ததே! என்னைப் பொய்க்காரி என்று யாரும் அதுவரை சொன்னதில்லை.

அதன் பிறகு ரோயிஷ் மேல்முறையீடு செய்தார். மேலே காகிதத்தைத்தான் படிப்பார்கள், என்னைக் கூப்பிட மாட்டார்கள் என்று நிம்மதியாக இருந்தேன். ஆனால் சம்மன் வந்தது. போனேன். மூன்று நீதிபதிகள் இருந்தார்கள். நடுவில் இருந்த அம்மா என்னிடம் சொன்னார்: "கீழ்க் கோர்ட் உங்க முகத்தைப் பாத்துட்டு நம்பலைன்னு முடிவு பண்ணியிருக்கு. அதை நாங்க மாத்தணும்னா வெறும் பேப்பரைப் படிச்சு மாத்தக் கூடாது. நாங்களும் உங்களை நேர்ல கேட்டே ஆகணும், அது எங்க கடமை. அவசரமே இல்லம்மா, நிதானமாச் சொல்லுங்க."

உண்மையைச் சொல்ல அதைவிட நல்ல வாய்ப்பு ஒருவருக்குக் கிடைக்காது. நான் எழுந்து நின்று, குடையைத் துடைப்பமாகப் பிடித்து, அவர் எந்தக் கையால் தள்ளினார் என்று நடித்துக் காட்டினேன். அந்தக் கையில் சோப்பு வாசனை அடித்தது என்றும் சேர்த்துக்கொண்டேன். "தள்ளும்போது ஏதாவது சொன்னாங்களா?" என்று நீதிபதி கேட்டார். பிரென்ஸ் அம்மா மேலங்கியின் பொத்தான்களைக்கூடக் கழற்றாமல் என்னையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் உண்மையில் என்ன சொன்னார் என்பது நினைவுக்கு வந்து தேம்பித் தேம்பி அழுதேன். நீதிபதியே தண்ணீர் கொடுக்கச் சொல்லி, "போதும்மா, உக்காருங்க" என்றார்.

அதன் பிறகு வீட்டைக் காலி செய்வதைப் பிரென்ஸ் அம்மாவின் இதய நோய் தாங்குமா என்று மருத்துவ நிபுணரைக் கேட்டார்கள், அவருடைய வக்கீலைக் கடைசிவரை பேசவிட்டார்கள். ஒன்றையும் விடவில்லை. சாட்சியின் அழுகை நடிப்பல்ல என்று கண்டு அவரை நம்புகிறோம் என்று தீர்ப்புச் சொன்னார்கள். அழுகை நடிப்பில்லைதான். பிரென்ஸ் அம்மா காலி செய்தார்.

சென்ற ஞாயிற்றுக்கிழமை பின்னல் ரொட்டி வாங்கிக்கொண்டு அவர் இருக்கும் முதியோர் விடுதிக்குப் போனேன். இன்னொருவரோடு ஒரே அறை. ஜன்னல் பக்கம் அந்த இன்னொருவருடையது. "உக்காருங்க, கிஸ்லிங் அம்மா," என்றார். நான் பொய் சொன்னேன் என்று ஒப்புக்கொண்டேன்.

"இது எனக்கு என்ன புதுசா? நான் அங்கதானே நின்னேன்," என்றார். "தெரிஞ்சவகிட்ட வந்து எதுக்குச் சொல்றீங்க? தெரியாதவங்ககிட்ட போய்ச் சொல்லுங்க. ரொட்டியை எடுத்துட்டுப் போங்க."

அதன் பிறகு அவருடைய வக்கீலைப் பார்த்தேன். தீர்ப்பு முடிந்த முடிவாகிவிட்டது, நான் பொய்ச்சாட்சி சொன்னதாகத் தண்டனை பெற்றால்தான் வழக்கை மறுபடி திறக்கக் கேட்க முடியும் என்றார். இங்கே வந்த பிறகு இந்த அதிகாரி, எனக்கு வயதாகிவிட்டது, முன்குற்றம் கிடையாது, நானாகவே வந்திருக்கிறேன், அதனால் அரசு வக்கீல் இரக்கப்பட்டு வழக்கைக் கைவிடலாம் என்று ஆறுதலாகச் சொன்னார். கைவிட வேண்டாம் என்று கையெடுத்துக் கேட்டுக்கொள்கிறேன். என்னை மன்னித்துவிட்டால் பிரென்ஸ் அம்மாவுக்கு வீடு கிடைக்க வழியில்லை. மூன்றாம் மாடியில் இன்னும் சுவரை இடிக்கவில்லை. சீக்கிரம் தண்டியுங்கள்.

இதுவரை எழுதியதை அதிகாரி எனக்குப் படித்துக் காட்டினார். "தவறுதலாகச் சொல்லிவிட்டேன்" என்று அவர் எழுதியிருந்த இடத்தை அடிக்கச் சொல்லி "பொய் சொன்னேன்" என்று மாற்றச் சொன்னேன். மாற்றினார். இப்போது இதில் இருப்பதெல்லாம் நடந்தபடியே உள்ளது.

(ஒப்பம்) வா. கிஸ்லிங்