பங்காளியின் சம்மதம்

அன்று அந்த அடுக்களையில் இருந்தவர்கள் மூவர். சன்னலோரம் யெர்கோ, அங்கிருந்து பார்த்தால், கரையில் இழுத்துவிட்டிருக்கும் அவன் படகு தெரியும். அம்மாவின் பேர்தான் படகுக்கும்: பெரினா. அடுப்பை ஒட்டிய மேசையில், மைக்கூட்டோடு அவன் அக்கா டிங்கா. அந்த வீட்டில் எழுதப் படிக்கத் தெரிந்தவள் அவள் ஒருத்திதான். வாசல் பக்கத்து முக்காலியில், தொப்பியை முழங்காலில் கவிழ்த்தபடி மீனவர் சங்கத் தலைவர் பார்துல். சிலி தேசத்துக்குப் பிழைக்கப் போன கடைசித் தம்பி பாஷ்கோவுக்கு எழுதும் கடிதத்தை மாலைக் கப்பலில் சேர்ப்பது அவர் பொறுப்பு.

டிங்கா: "அன்புள்ள தம்பி பாஷ்கோவுக்கு"ன்னு எழுதியாச்சு. மேல சொல்லு.

யெர்கோ: நாங்க எல்லாரும் சொகம்... அப்படின்னு போடு.

டிங்கா: சொகமா? மூஞ்சியப் பாரு. மீன் பிடிக்கிறவன் மாதிரியா இருக்க? பிடிபட்ட மீன் மாதிரி இருக்க.

பார்துல்: விடுங்கக்கா. கப்பல் வர்ற நேரம்.

யெர்கோ: வர்ற நிகோலா புனிதர் திருநாளுக்கு... கோயில் வாசல்ல எரிக்க... நம்ம படகை...

டிங்கா: இழுக்காத. மை காயுது.

யெர்கோ: நம்ம பெரினாவைக் கேக்குறாங்க.

பார்துல்: யாருப்பா கேட்டது? வருஷா வருஷம் பழைய படகு ஒண்ண எரிக்கிறோம். இந்த வருஷம் யாரோடதுன்னு நான் கேட்டு வாய மூடல, நீயே எழுந்து "என்னோடது"ன்ன.

யெர்கோ: திராட்சை அறுப்பு விருந்துண்ணே அது. ரெண்டு கோப்பை உள்ள போயிருந்துச்சு.

டிங்கா: ரெண்டா? பீப்பாய்க்கு அடி தெரிஞ்சுது.

பார்துல்: கோப்பை எத்தனையோ இருக்கட்டும். புனிதர் பேரச் சொல்லிக் குடுத்த வாக்கு. கேட்டுத் திருப்பி வாங்க முடியாது.

யெர்கோ: நான் திருப்பி வாங்குறேன்னு சொன்னேனா?

டிங்கா: நீ எங்க சொல்லப் போற? சும்மா இருக்க வேண்டிய எடத்துல பேசுவ, பேச வேண்டிய எடத்துல சன்னலப் பாப்ப.

யெர்கோ: எழுதுக்கா... "அதுல பாதி உன்னோடது. பங்காளி சம்மதம் இல்லாம நெருப்பு வைக்கிற வழக்கமில்ல. அதான் கேக்குறேன்."

பார்துல்: திருநாளுக்கு மொத நாள் வரைக்கும் பாப்போம்னும் போடுங்கக்கா. பதில் வரலன்னா சங்கம் வேற படகு பாத்துக்கும்.

யெர்கோ: அதுக்குள்ள வந்துருமாண்ணே?

பார்துல்: கடிதாசு நேரா அவன் கைக்குப் போயி, அன்னிக்கே பதில் போட்டான்னா வந்துரும்.

யெர்கோ: அவன் சரின்னுதான் எழுதுவான். புனிதர்னா அவனுக்கு உயிரு.

டிங்கா: எழுதட்டுமே! பழசு போனா உனக்கென்ன? எவன் படகுலயாவது கூலிக்குத் துடுப்புப் போடு. ஒரு கூடை சாளை குடுக்க மாட்டானா?

யெர்கோ: போன மாசந்தான் அடிப்பலகைக்குத் தார் பூசினேன்.

டிங்கா: அதையும் எழுதவா?

யெர்கோ: எழுது... வேணாம் வேணாம், அடிச்சிடு. கெஞ்சுற மாதிரி இருக்கும்.

பார்துல்: எழுதறதா, அடிக்கறதா?

யெர்கோ: அடிச்சிடட்டும். "சாம்பல எடுத்து, புதுசாக் கட்டற படகுக்கு அடியில வைப்பாங்க. அதனால பெரினா எங்கயும் போகல, கடல்லதான் இருப்பா"ன்னு போடுக்கா.

பார்துல்: நல்லாச் சொன்ன.

டிங்கா: நல்லாத்தான் சொல்றான், கண்ணுதான் கரையில கெடக்கு. பார்துல், அத்திப்பழம் எடுத்துக்க.

பார்துல்: எடுத்துக்கிட்டேன்... அக்கா, தோள்ல கெடக்குற சால்வை புதுசா? நல்ல தடிமனா இருக்கே.

டிங்கா: பாஷ்கோ அனுப்பினது. வடகாத்துக்கு வேணுமில்ல.

பார்துல்: ஆட்டுக்கம்பளி... அவன் வேலை செய்யிற வெடியுப்புச் சுரங்கத்துலயா?

டிங்கா: கடையில வாங்கியிருப்பான்.

யெர்கோ: கடையில இல்லக்கா, அவன்தான் இப்ப...

டிங்கா: நீ இங்க வா. கையெழுத்துக்குப் பதிலா ஒரு சிலுவை போடு. மையச் சிந்தாத.

யெர்கோ: போட்டாச்சு.

டிங்கா: சரி, மடிச்சு உறையில வெச்சாச்சு... விலாசமும் எழுதியாச்சு. பார்துல், அந்த மெழுகுவத்தியத் தள்ளு, அரக்கு உருக்கணும்.

பார்துல்: ஊத்துங்க... போதும். ம்... சிலி தேசம், அந்தோஃபகாஸ்தா, வெடியுப்புச் சுரங்கக் குடியிருப்பு...

யெர்கோ: ஐயோ அக்கா! அந்தச் சுரங்கத்த மூடிட்டாங்களே! அவன் அந்த தேசத்துத் தென்கோடிக்கு ஆடு மேய்க்கப் போயி எத்தன நாளாச்சு! பழைய எடத்துக்குப் போயி, அங்கேருந்து தேடிப் புடிச்சு... திருநாளே முடிஞ்சிருமே!

டிங்கா: அட ஆமா... வயசாச்சு, மறந்து போச்சு. கிழிச்சிட்டு வேற உறை போடவா, பார்துல்?

பார்துல்: அரக்கு வெச்சத உடைப்பாங்களா? அதோ, கப்பலும் ஊதிட்டான்.

யெர்கோ: அண்ணே... அப்ப புனிதருக்கு?

பார்துல்: அன்னிக்கு விருந்துல என் படகத்தான் சொல்ல வாயெடுத்தேன். புழு அரிச்சுப் போச்சு, பங்காளியும் யாருமில்ல. குடுக்க எழுந்தவன மறிக்கக் கூடாதேன்னு உக்காந்துட்டேன்... வழிய விடு, இத நான் பத்திரமாக் கப்பல்ல சேக்கணும்.