செத்தவனுக்கு அடுத்த வாரமும் வேலை

முவைலா தொழிலாளர் கேம்ப்பிலிருந்து ஜெபல் அலி கட்டுமான சைட்டுக்குப் போகும் கம்பெனி பஸ்ஸில், எனக்கு முன்சீட்டுக்காரர் சொன்னார்: "அந்த ஆள் நேத்தும் செத்துட்டான், மாப்ள."

பக்கத்தில் இருந்தவர் பதறிவிட்டார். "யாரு, நம்ம கேம்ப்பா?"

"இல்லடா. போன்ல பார்க்கிறேனே, பழைய அமெரிக்க டிவி சீரியல், கறுப்பு வெள்ளை. அதுல ஒரு துணை நடிகன். ஒரு வாரம் திருடனா வந்து குண்டடி பட்டுச் சாவான். அடுத்த வாரம் மீசையை ஒட்டிக்கிட்டு பேங்க் மேனேஜரா வந்து நிப்பான். ஹீரோவுக்கு அடையாளமே தெரியாது."

"நம்ம சைட்ல உன் கதையும் அதானே!"

"அதான்டா பயமா இருக்கு. சிமென்ட் மூட்டை தூக்குற என்னைப் போன இன்ஸ்பெக்ஷனுக்கு எலக்ட்ரீஷியன்னு நிறுத்தினாங்க. இன்னைக்கு முதலுதவி ஆளா நிக்கணுமாம். அதே இன்ஸ்பெக்டர் வந்தா?"

"அந்த ஹீரோவே கண்டுபிடிக்கல. இவரா கண்டுபிடிக்கப் போறாரு?"

"போன்ல பார்க்கிற நானே அவனைக் கண்டுபிடிச்சிட்டேனே."

நண்பர் யோசித்தார். முன்சீட்டுக்காரரின் முறுக்கிவிட்ட பெரிய மீசையையே பார்த்தார்.

"அவன் ஒட்டிக்கிட்டான். நீ எடுத்துரு."

ஜெபல் அலி வரும்வரை முன்சீட்டுக்காரர் தன் மீசையிலிருந்து கையை எடுக்கவே இல்லை.