மூன்று ஜிபி வாத்து

— போனை இப்படிக் குடுங்கன்னு நாலாவது தடவையா கேக்கிறேன்.

— குடுக்கிறேன் தாயே. ஷட்டரைத் தூக்கிட்டு வந்து குடுக்கிறேன்.

— ஷட்டர் கிடக்கட்டும். அந்த டாக்டர் வீட்டம்மா வீடு மாறிப் போறாங்க, கட்டில், பீரோ, மேஜைன்னு மொத்தச் சாமானையும் வீடியோ எடுத்து அனுப்பிட்டாங்க. பதினோரு மணிக்குள்ள விலை சொல்லலைன்னா எதிர்க்கடைக்காரர் அள்ளிட்டுப் போயிடுவார்னு விடிஞ்சதுல இருந்து குதிச்சது யாரு?

— குதிக்கல. கவலைப்பட்டேன்.

— வீடியோ இறங்கணும்னா போன்ல இடம் வேணும். இடம் வேணும்னா எதையாவது தூக்கணும்.

— நானே ஏதாவது பண்ணிக்கிறேன். லீவு நாள்லயாவது கண்ணுக்கு ஓய்வு குடு. ஆறு நாளும் அச்சகத்துல உக்காந்து அடுத்தவங்க விட்ட பிழையையே பாத்துக்கிட்டிருக்கே.

— நீங்க பண்ணிக்கிற லட்சணம்தான் தெரியுதே. இதோ மேலேயே போட்டிருக்கு, ‘இடம் போதவில்லை, தேவையற்றவற்றை நீக்கவும்’னு. ஒரு வாரமா வந்துக்கிட்டிருக்கு. பாக்கலையா?

— பாத்தேன். ஏதோ விளம்பரம்னு விட்டுட்டேன்.

— விளம்பரமாம். கையை எடுங்க. அட, என்னங்க இது? ஒண்ணு, ரெண்டு, மூணு... பத்து. பழைய மரச்சாமான் விக்கிற மனுஷன் போன்ல பத்து கேமா?

— நான் எங்க கூப்பிட்டேன்? வாங்கற எண்ணமே இல்லாம கடைக்குள்ள வந்து நாற்காலியில உக்காந்து பாத்துட்டுப் போற ஆளுங்க இருக்காங்கல்ல, அந்த மாதிரி அதுவா வந்து உக்காந்துடுச்சு.

— கேம் அதுவா வராது. நீங்க அமுக்கினாத்தான் வரும்.

— குறுக்க ஏதாவது வந்து நிக்கும். தொட்டா போயிடும்னு தொடுவேன். போகாது, இன்னொண்ணு வந்துடும்.

— எதுக்குக் குறுக்க?

— பொதுவா சொன்னேன்.

— சரி. முதல்ல, ‘எல்லைப் போர் நாலு’.

— எது, சிவப்புத் தலைக்காரனா? அழி.

— ‘மணமகள் ஒப்பனை நிலையம்’. கடைக்காரரே, இதுல யாருக்கு லிப்ஸ்டிக் போட்டு விட்டீங்க?

— சத்தியமா அது என்னன்னே தெரியாது. கண்ணை மூடிக்கிட்டு அழி.

— நீங்க கண்ணை மூடுங்க. நான் திறந்துதான் வச்சிருப்பேன். ‘மிட்டாய் மலை’, ‘பேய் வீட்டுச் சாவி’, ‘பண்ணையார்’...

— எல்லாம் எடுத்துக்கோ. சில்லறை பேச மாட்டேன். மொத்தமா ஒம்பது அழிச்சுக்கோ, ஒண்ணு மட்டும் விட்டுடு. ஒரே வார்த்தை.

— எந்த ஒண்ணு?

— ஏதோ ஒண்ணு. கடைசியில இருக்கே, மஞ்சளா.

— பத்துல ஒண்ணை மட்டும் கையால மூடி வச்சுக்கிட்டு மத்ததை அள்ளிக்கோன்னு சொல்ற வியாபாரி, அந்த ஒண்ணுக்குள்ள என்னமோ வச்சிருக்கார்னு அர்த்தம். இதை எனக்குச் சொல்லிக் குடுத்ததே நீங்கதான்.

— அது கட்டில் பீரோவுக்குச் சொன்னது.

— போனுக்கும் பொருந்தும். பாக்கலாம் உங்க மஞ்சளை. ‘குட்டி வாத்துப் பள்ளிக்கூடம்’. மூணுல இருந்து ஆறு வயசுக் குழந்தைகளுக்கு.

— அப்படியா போட்டிருக்கு?

— கொட்டை எழுத்துல போட்டிருக்கு. இது எவ்வளவு இடம் புடிச்சிருக்கு தெரியுமா? மூணு ஜிபி. நீங்க தாராளமா அள்ளிக்கச் சொன்ன ஒம்பதும் சேர்ந்தே ஒண்ணரைதான்.

— ஒண்ணரை போதுமே. வீடியோவுக்கு அதுவே தாராளம். இறக்கு, விலையைச் சொல்லிடுவோம், மணி ஒம்பதே முக்கால் ஆச்சு.

— ஒம்பதையும் அழிச்சாச்சு, வீடியோ அது பாட்டுக்கு இறங்கும். நம்ம வீட்டுல மூணு வயசுக் குழந்தை எங்கங்க இருக்கு?

— கடைக்கு வர்றவங்க பிள்ளைங்களையும் கூட்டிக்கிட்டு வருவாங்க. கண்ணாடி பீரோல கை வைக்கும், உடைக்கும். அதுக்கு முன்னாடி போனைக் குடுத்துடுவேன்.

— நல்ல பதில். முன்னாடியே செஞ்சு வச்ச பதில். ஆனா இதுல தினம் எத்தனை மணிக்குத் திறந்தாங்கன்னு பதிவாகியிருக்கு. நேத்து மத்தியானம் ரெண்டு பத்து. முந்தாநாள் ரெண்டு எட்டு. அதுக்கு முந்தின நாளும் ரெண்டு பத்து. கடைக்கு வர்ற பிள்ளைங்க அத்தனையும் கைக்கடிகாரம் கட்டிக்கிட்டா வருதுங்க?

— மத்தியானம் கூட்டம் வரும்.

— ரெண்டுல இருந்து மூணு வரைக்கும் நீங்க கடையை உள்பக்கமா பூட்டிக்கிறீங்க.

— யாரு சொன்னது?

— பக்கத்துக் கண்ணாடிக் கடைக்காரர். ‘அண்ணன் மத்தியானம் தூங்குவாரா’ன்னு சாதாரணமாக் கேட்டேன். சிரிச்சார். சிரிச்ச விதம் எனக்குப் பிடிக்கல.

— அவன் கண்ணாடி அறுக்கிற நேரம் போக மீதி நேரம் வாயால அறுப்பான். அவன் பேச்சை எடுத்துக்கிட்டு வந்திருக்கே.

— ‘அண்ணி, உள்ளேருந்து ஒரு பொம்பளைக் குரல் கேக்கும், சபாஷ் செல்லம், இன்னொரு தடவை பண்ணுங்கன்னு சொல்லும், அப்புறம் கைதட்டுவாங்க’ன்னார். இதை அவர் சொல்லி எட்டு நாள் ஆச்சு. எட்டு நாளா உங்களுக்குச் சோறு போட்டுட்டு உங்க மூஞ்சியைப் பாத்துக்கிட்டே உக்காந்திருக்கேன். அந்த மூஞ்சியில ஒண்ணும் தெரியல. அதுதான் எனக்குப் பயமா இருக்கு.

— எட்டு நாளாவா? அதான் உப்பு கூடிப் போச்சா?

— சிரிச்சு மழுப்பாதீங்க.

— சிரிக்கல. நிஜமாவே கூடிப் போச்சு.

— மூணு வருஷமா சேத்து வச்சிருக்கேன், இன்னைக்குச் சொல்லிடறேன். ஊர்ல எல்லாரும் போன்ல எழுதி அனுப்புறாங்க, நீங்க மட்டும் யாருக்கும் ஒரு எழுத்து எழுதறதில்ல. எல்லாமே பேசித்தான் அனுப்புவீங்க. பேச்சு காத்தோட போயிடும், எழுதினா சாட்சி ஆயிடும்னுதானே?

— அம்மாடி. அப்படி ஒரு கோணம் இருக்கா அதுக்கு?

— உங்களுக்கு வர்றதை மட்டும் ‘கண்ணு எரியுது, நீயே படி’ன்னு என் கையில குடுப்பீங்க. ஒளிக்க ஒண்ணுமில்லைன்னு காட்டிக்கத்தானே? ஒளிக்க ஒண்ணும் இல்லாதவங்க அவ்வளவு மெனக்கெட மாட்டாங்க.

— தாயே, நீ அச்சகத்துல இருக்க வேண்டிய ஆளே இல்ல. போலீஸ்ல இருக்க வேண்டியவ.

— அழிச்சுடவா இந்த வாத்தை?

— வேணாம்.

— ஏன்?

— பத்தும் வேணாம், இந்தப் போனையே தூக்கிப் போட்டுடு. புதுசு வாங்கித் தரேன். ஆனா அதை மட்டும் அழிக்காதே.

— பாத்தீங்களா, விலை ஏறுது. முதல்ல ஒம்பது கேம், இப்ப போனே போகுது. இன்னும் கொஞ்சம் அழுத்தினா கடையையே எழுதிக் குடுப்பீங்க போல.

— பதினாலு மாசத்து உழைப்பு அது.

— யாரோட உழைப்பு?

— அதை விடு. கடைசி விலை சொல்றேன். ஒரு மாசம் டைம் குடு. நானே உன்னை உக்கார வச்சு எல்லாத்தையும் சொல்றேன். சொல்ல வேண்டாம், காட்டவே காட்டறேன்.

— ஒரு மாசத்துல எதைக் காட்டப் போறீங்க? கட்டுப்படியாகாது. ஒரு நிமிஷம்கூடத் தர முடியாது. இதோ திறக்கிறேன்.

— திறக்காதே, சொல்றதைக் கேளு...

— வாங்க செல்லம், வாங்க. நேத்து விட்ட இடத்துல இருந்து எழுதலாமா? சபாஷ்.

— இந்தக் குரலா?

— இந்தக் குரல்தான். வாத்தோட குரல். கண்ணாடிக்காரன் கேட்ட பொம்பளை இவதான். பாத்துக்கோ, நல்லாப் பாத்துக்கோ. மஞ்சளா இருக்கா, தலையில ரிப்பன் கட்டியிருக்கா.

— சரி. பொம்பளை இல்ல.

— அப்பாடா. நான் ஷட்டரைத் தூக்கறேன்.

— உக்காருங்க. பொம்பளை இல்லைன்னுதான் சொன்னேன். குழந்தை இல்லைன்னு சொல்லல.

— என்னது?

— வாத்து தனக்குத்தானே சொல்லிக் குடுத்துக்கிட்டு இருந்துச்சா? எதிர்ல யாரோ உக்காந்து படிச்சிருக்காங்கல்ல. பூட்டின கடைக்குள்ள, தினமும் ஒரு மணி நேரம். இதோ, எழுதின ஒவ்வொரு பக்கத்தையும் சேத்து வச்சிருக்கு. முன்னூத்துச் சொச்சம் பக்கம். மூணு ஜிபி எங்க போச்சுன்னு இப்பத்தான் தெரியுது.

— அதையெல்லாம் பாக்காதே. சொன்னாக் கேளு.

— பாப்பேன். பதினேழு வருஷமா கையெழுத்தைப் பாத்துச் சோறு திங்கறவ நான். டாக்டர் எழுதினது, வக்கீல் எழுதினது, கவிஞர் எழுதினது, எல்லாம் என் மேஜை மேல வந்து விழுந்திருக்கு. இது குழந்தைக் கை. கோடு நடுங்குது. சுழி போட்டா எங்க நிறுத்தறதுன்னு தெரியல. ஒரே எழுத்தை நாப்பது தடவை எழுதியிருக்கு. பொறுமையான பிள்ளை.

— பொறுமைதான்.

— வாரத்துல ஆறு நாள் எழுதியிருக்கு. ஏழாவது நாள் இல்ல. ஏழாவது நாள் எனக்கு லீவு.

— ஆமா.

— ஆமான்னு சொல்றீங்க. தைரியமா ஆமான்னு சொல்றீங்க.

— இல்லைன்னா மட்டும் விடவா போறே?

— போகப் போக எழுத்து நேராகுது. ஆறு மாசத்துல வார்த்தை வந்துடுச்சு. கதவு. கட்டில். அலமாரி. நாற்காலி. எந்த ஊர்ல அஞ்சு வயசுப் பிள்ளை பூனை, பந்துன்னு எழுதாம அலமாரின்னு எழுதும்?

— அது வந்து...

— எனக்குப் புரிஞ்சு போச்சு. இப்பவே தொழில் பழக்கறீங்க. கடைக்கு வாரிசு. தேக்கு, ஈட்டின்னு மரத்துப் பேருகூட எழுதியிருக்கு. ‘தேக்கு’ல ‘க்’ விட்டுப் போச்சு.

— விட்டுப் போச்சா? எந்தப் பக்கத்துல?

— பதறாதீங்க, பிள்ளையை நான் அடிச்சுடல. ஏங்க, ஆஸ்பத்திரி டாக்டரம்மாகிட்ட என்னைக் கூட்டிக்கிட்டுப் போய், நமக்குக் குழந்தை இருக்காதுன்னு அவங்க சொன்ன அன்னைக்கு, படியில இறங்கும்போது என் கையைப் புடிச்சுக்கிட்டு என்ன சொன்னீங்க?

— நீ இருக்கே, போதும்னேன்.

— நம்பினேன். நீங்க கட்டில் விக்கும்போது பேசறதுல பாதியைக் கழிச்சுட்டுத்தான் கேப்பேன். அன்னைக்குச் சொன்னதுல மட்டும் ஒரு எழுத்தைக்கூடக் கழிக்கல.

— கழிக்க வேண்டாம். அது முழு விலை.

— அப்புறம் இது எங்கேருந்து வந்துச்சு? முந்தின சம்பந்தமா? இல்ல, என்னைக் கட்டிக்கிட்ட பிறகா?

— முந்தினதுதான். ரொம்ப முந்தினது. உன்கிட்ட ஆரம்பத்துலயே சொல்லியிருக்கணும். பொண்ணு பாக்க வந்த அன்னைக்கே சொல்லியிருக்கணும். உங்க அக்கா ‘எங்க தங்கச்சி பிழை திருத்தறவ’ன்னு பெருமையாச் சொன்னாங்க. எனக்கு நாக்கு ஒட்டிக்கிச்சு.

— என் வேலைக்கும் உங்க பிள்ளைக்கும் என்னங்க சம்பந்தம்?

— நீ சிரிச்சுடுவேன்னு நெனச்சேன்.

— சிரிப்பேனா? புருஷன் ஒரு பிள்ளையை மறைச்சு வச்சிருக்கான்னா சிரிக்கிற பொம்பளையா நான்?

— இல்ல. சிரிக்கலைன்னாலும் பாவம்னு பாப்பே. அது அதைவிட மோசம். எத்தனை வருஷமா மறைச்சிருக்கேன் தெரியுமா? வங்கியில கையில கட்டுப் போட்டுக்கிட்டுப் போய் நின்னிருக்கேன்.

— எதையெதையோ பேசறீங்க. பேச்சை மாத்தாதீங்க. இன்னைக்கு நான் பெட்டியைக் கட்டிக்கிட்டு அக்கா வீட்டுக்குப் போறதும் போகாததும் இப்ப நீங்க சொல்லப் போறதுல இருக்கு. சந்தேகம்னு ஒண்ணு வந்துட்டா அதோட ஒரே வீட்டுல என்னால சமைக்க முடியாது.

— உப்பும் கூடிப் போகுது.

— கடைக்காரரே.

— சரி. சொல்லிடறேன். வேற வழி வைக்கல நீ. கேளு, என்ன வேணுமோ கேளு.

— பேரு வேணாம். பேரைக் கேட்டா என் காதுலேயே தங்கிடும்.

— சரி.

— அம்மா யாருன்னும் கேக்க மாட்டேன்.

— அது உனக்கே தெரியும். நம்ம கல்யாணத்துல முதல் வரிசையில உக்காந்து அழுதாங்களே.

— அது உங்க அம்மா.

— ஆமா.

— என்னை முட்டாளாக்காதீங்க. ஒழுங்கா ஒண்ணே ஒண்ணுக்குப் பதில் சொல்லுங்க. இதையெல்லாம் எழுதின அந்தப் பிள்ளைக்கு வயசு என்ன?

— நாப்பத்தாறு. இதோ, உன் எதிர்லதான் உக்காந்திருக்கு.